அறுபத்து மூன்றும் நாற்பத்து மூன்றும்

இருபது வரையுள்ள எண்களின் கனத்தை மூச்சு விடாமல் ஒப்பிக்கத் தெரிந்தவன் வாழ்க்கையில் எதையும் தப்பாகச் செய்யமாட்டான் என்று நம்பிய மடையன் நான். நம்பியதோடு நிற்கவில்லை, மற்றவர்களையும் நம்பச் சொன்னேன். பெண் பார்க்கப் போன இடத்தில் பெண்ணின் தகப்பனார், "தம்பிக்குச் சம்பளம் என்ன வருது?" என்று கேட்க, "அது கிடக்கட்டும் மாமா, பத்தொன்பதின் கனம் ஆறாயிரத்து எண்ணூற்று ஐம்பத்தொன்பது" என்று பதில் சொன்னவன். காபி கொடுத்தார்கள். கடிதம் போடுகிறோம் என்றார்கள். இன்னும் போடவில்லை.

போன மாதம் நான் வேலை பார்த்த பழைய ஸ்டேஷனுக்குப் போயிருந்தேன். இப்போது அங்கே ஒரு பெட்டி இருக்கிறது. பொத்தானை அழுத்தினால் விளக்கு எரிகிறது, வண்டி போகிறது. அங்கிருந்த இளம் ஸ்டேஷன் மாஸ்டர் டீ வாங்கிக் கொடுத்துவிட்டு, "உங்க காலத்துல இதெல்லாம் இல்லாம வண்டிய எப்படி சார் அனுப்புனீங்க?" என்று கேட்டார். "கணக்குப் போட்டு அனுப்பினேன்" என்றேன். பெரியவர் தமாஷ் பண்ணுகிறார் என்று சிரித்தார். தமாஷ் இல்லை. ஒருநாள் நிஜமாகவே அப்படித்தான் அனுப்பினேன். அதை எழுதித் தரும்படி அவர் கேட்டதால் எழுதுகிறேன்.

சுதந்திரம் வந்து சில வருடங்கள் கழித்து ரயில்வேயில் சேர்ந்தேன். பயிற்சியைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. விதிப் புத்தகத்தை மனப்பாடம் செய்தோம், விடுதிச் சாம்பாரைப் பொறுத்துக்கொண்டோம், பாஸானோம். சாயல்குடிப் பக்கம் பனங்காட்டில் பிறந்தவனை, ராமநாதபுரத்திலிருந்து ராமேஸ்வரம் போகும் பாதையிலேயே ஒரு சின்ன ஸ்டேஷனுக்கு உதவி ஸ்டேஷன் மாஸ்டராகப் போட்டார்கள். ஊர்ப் பெயர் வேண்டாம். அந்த ஸ்டேஷன் ஒரு பாவமும் அறியாதது. கிழக்கே உடைமரம், மேற்கே உடைமரம், நடுவில் நான்.

அந்தக் காலத்து நடைமுறையைக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். எங்களுடையது ஒற்றைப் பாதை. இரண்டு ஸ்டேஷன்களுக்கு நடுவில் ஒரு நேரத்தில் ஒரு வண்டிதான் இருக்கலாம். ஆகவே வண்டியை அனுப்பும் முன்னால் அடுத்த ஸ்டேஷனைப் போனில் கூப்பிட்டு, "லைன் கிளியர் உண்டா?" என்று கேட்க வேண்டும். அவர் தம் பாதை காலியாக இருக்கிறதா என்று பார்ப்பார். இருந்தால், "உண்டு" என்பதற்கு அத்தாட்சியாக ஓர் எண்ணைச் சொல்வார். அதற்குப் பிரைவேட் நம்பர் என்று பெயர். ஈரிலக்க எண்களைத் தாறுமாறாகக் கலந்து அச்சிட்ட சீட்டு ஒவ்வொரு ஸ்டேஷனிலும் இருக்கும். அதில் அடுத்து எது நிற்கிறதோ அதைச் சொல்லி, சொன்ன கையோடு அடித்துவிட வேண்டும். கேட்டவர் அந்த எண்ணை அனுமதித் தாளில் இலக்கத்திலும் எழுத்திலும் எழுதி, கையெழுத்துப் போட்டு டிரைவரிடம் அனுப்புவார். தாள் கைக்கு வந்தால்தான் டிரைவர் வண்டியை எடுப்பார். தாளில் எண் இருந்தால், அந்தப் பக்கம் ஒரு மனிதர் கண்ணால் பார்த்துவிட்டுச் சரி சொல்லியிருக்கிறார் என்று பொருள்.

எங்கள் ஸ்டேஷன் மாஸ்டர் சந்தானம் அய்யா, பரமக்குடிக்காரர். யாரையும் திட்டமாட்டார். திட்டிவிட்டால் தேவலையே என்று நமக்குத் தோன்றும்படி பார்ப்பார், அவ்வளவுதான். போனில் எண்ணை வாங்கும்போது மட்டும் நாற்காலியை விட்டு எழுந்து நிற்பார். நான் சேர்ந்த புதிதில், "உக்காந்தே வாங்கலாமே அய்யா, காது கேக்காதா?" என்று கேட்டேன்.

"வண்டியில அத்தன சனம் உக்காந்து வருது" என்றார். "அவுக நிம்மதியா உக்காரணும்னா, நாம செத்த நேரம் நிக்கலாம்ல."

இன்னொரு வழக்கமும் அவருக்கு உண்டு. எண் காதில் விழும் வரை மைப்புட்டி மூடியைத் திறக்கமாட்டார். கேட்ட பிறகு திறப்பார், தொட்டு எழுதுவார், எழுதியதை உரக்கப் படிப்பார், மூடுவார். நானோ சுறுசுறுப்பின் அவதாரம். வண்டி வரும் முன்பே தாளை எடுத்து, நேரம், வண்டியின் பெயர், அடுத்த ஸ்டேஷன் எல்லாவற்றையும் நிரப்பி, கையெழுத்தையும் போட்டு, எண்ணுக்கு மட்டும் இடம் விட்டு வைத்திருப்பேன். அய்யா அந்தத் தாளைப் பார்ப்பார். பிறகு என்னைப் பார்ப்பார். "கதிரேசா, கொழம்பு கொதிக்கு முன்னாடி எலையப் போட்டா ஈ வந்து ஒக்காரும்" என்பார். நேரம் மிச்சமாகிறது என்று நான் விளக்கம் சொல்வேன். மிச்சமான நேரத்தை என்ன செய்தேன் என்று அவர் கேட்டதில்லை. கேட்டிருந்தால் சீனியைப் பற்றிச் சொல்லியிருப்பேன்.

சீனி முகம்மது, கடல் பக்கம் அடுத்த ஸ்டேஷனின் உதவி ஸ்டேஷன் மாஸ்டர். கீழக்கரைக்காரன். என் வயதுதான். அவன் முகத்தை விட அவன் குரல்தான் எனக்கு அதிகப் பழக்கம், ஏனென்றால் எங்கள் சிநேகமே போனில் வளர்ந்தது. எனக்கு எண் பைத்தியம் என்றால் அவனுக்கு எண் பேய். சீட்டில் அடுத்து நிற்கும் எண் கொஞ்சம் லட்சணமாக இருந்துவிட்டால், அதை அப்படியே சொல்ல அவனுக்கு மனம் வராது. விடுகதையாக்கிவிடுவான்.

"ஏலே கதிரேசா, இந்தப் பக்கம் ஒரு வர்க்கம், அந்தப் பக்கம் ஒரு கனம். ரெண்டு பேருக்கும் நடுவுல ஒருத்தன் மாட்டிக்கிட்டு முழிக்கிறான். ஆரு சொல்லு?"

இருபத்தைந்து ஐயைந்து, ஐந்தின் வர்க்கம். இருபத்தேழு, மூன்றை மூன்று தடவை போட்டுப் பெருக்கினால் வரும் கனம். "இருபத்தாறு!"

"கூடப் பொறந்தவனே! எழுதிக்க. ரெண்டு, ஆறு, இருபத்தாறு. லைன் கிளியர் உண்டு."

இன்னொரு நாள், "ரெண்டு எலக்கத்தையும் கூட்டு, கூட்டுனத வர்க்கமாக்கு, அதே எண்ணு திரும்பி வரணும்" என்பான். எட்டும் ஒன்றும் ஒன்பது, ஒன்பதின் வர்க்கம் எண்பத்தொன்று. அறுபத்து நாலுக்கு ஒரு கதை கட்டினான்: "சதுரத்துல நின்னா எட்டு வரிச, பெட்டியா அடுக்குனா நாலு வரிச." வெயிலில் தண்டவாளம் நெளியும் அந்தக் காட்டில், இதைவிட நல்ல பொழுதுபோக்கு எங்களுக்கு இருக்கவில்லை. கடைசியில் அவன் விதிப்படி எண்ணைச் சொல்லாமல் இருந்ததில்லை, நானும் விதிப்படி திருப்பிச் சொல்லாமல் இருந்ததில்லை. அதனால் இதில் ஒரு தப்பும் இல்லை என்று நினைத்தோம்.

ஆடி அமாவாசைக்கு முந்தின நாள். ராமேஸ்வரத்தில் நீராடப் போகும் கூட்டம். உச்சிப் பொழுது வண்டி எங்கள் ஸ்டேஷனில் வந்து நின்றது. பெட்டி தெரியவில்லை, தலைகள்தான் தெரிந்தன. சந்தானம் அய்யா பின்னாலிருந்த வீட்டுக்குச் சாப்பிடப் போயிருந்தார். நான் வழக்கம்போல் எல்லாவற்றையும் நிரப்பிக் கையெழுத்தும் போட்ட தாளை மேசைமேல் வைத்துவிட்டு, சீனியைக் கூப்பிட்டு லைன் கிளியர் கேட்டேன்.

"பொறுலே. உப்பு வேகன் ரெண்டு மெயின் லைன்ல நிக்கிது. ஆளுக கஞ்சி குடிக்கிறாக. தள்ளி விடச் சொல்லிட்டு நானே கூப்புடுறேன்" என்றான். அத்தோடு வைத்திருக்கலாம். அவன் சீனி. "சும்மா இருப்பியா, இதப் போட்டு வையி. மொத எலக்கத்த வர்க்கமாக்கு, ரெண்டாம் எலக்கத்தக் கனமாக்கு. ரெண்டையும் கூட்டுனா அதே எண்ணு."

போனை வைத்தான். நான் பென்சிலை எடுத்தேன்.

கடைசி இலக்கம் ஐந்தாக இருந்தால் கனம் நூற்றிருபத்தைந்து, ஈரிலக்கத்தைத் தாண்டிவிடும். ஒன்று, இரண்டு, நாலு எல்லாம் போட்டுப் பார்த்தேன், ஒத்துவரவில்லை. மூன்றில் மூக்கு வியர்த்தது. மூன்றின் கனம் இருபத்தேழு. முதல் இலக்கத்துக்கு நான் எப்போதும் ஒன்பதிலிருந்து கீழே இறங்குபவன். ஒன்பது, ஆகாது. எட்டு, ஆகாது. ஏழு, ஆகாது. ஆறின் வர்க்கம் முப்பத்தாறு. முப்பத்தாறும் இருபத்தேழும் அறுபத்து மூன்று. ஆறு, மூன்று! அடடா, அந்த நேரத்து சந்தோஷத்தை எந்தச் சம்பள உயர்வும் எனக்குத் தந்ததில்லை. எண் கிடைத்துவிட்டது, அவன் கூப்பிட்டால் திருப்பிச் சொல்ல வேண்டியதுதான் பாக்கி, அதற்குள் நேரத்தை மிச்சம் பிடிப்போம் என்று, காலியாக இருந்த இடத்தில் '63, அறுபத்து மூன்று' என்று அழகாக எழுதினேன். எழுதிவிட்டு, விடையைச் சொல்லி அவனை மட்டம் தட்டலாமே என்று போனைச் சுற்றினேன். மணி அடித்துக்கொண்டே இருந்தது, ஆள் எடுக்கவில்லை.

போர்ட்டர் முனியசாமி உள்ளே வந்தார். மேசைமேல் தாள் இருந்தது. எண் இருந்தது. கையெழுத்து இருந்தது. நான் போனும் காதுமாகச் சுவரைப் பார்த்து நின்றிருந்தேன். அவர் தினமும் செய்வதைச் செய்தார். தாளை எடுத்துக்கொண்டு போய் டிரைவரிடம் கொடுத்தார். அவர்மேல் ஒரு குற்றமும் இல்லை.

விசில் கேட்டது. யார் வண்டியோ என்பது போல ஒரு கணம் கேட்டுக்கொண்டிருந்தேன். பிறகு மேசையைப் பார்த்தேன்.

வண்டிக்குப் பின்னால் நான் ஓடிய ஓட்டத்தை ராமநாதபுரம் சீமையே பேசியது. ஒரு செருப்பு ஜல்லிக்குள் போய்விட்டது. கடைசிப் பெட்டியில் இருந்தவர்கள், வண்டியைத் தவறவிட்ட யாத்திரிகன் என்று இரக்கப்பட்டுக் கை நீட்டினார்கள். ஆடிக் காற்றில் என் கூச்சல் எனக்கே கேட்கவில்லை. திரும்பி ஓடிவந்து போனைப் பிடித்தபோது, நல்ல வேளையாகச் சீனி எடுத்தான்.

"சீனி, வண்டி வந்துக்கிட்டிருக்கு!"

"எந்த வண்டிலே?"

"நான் அனுப்புன வண்டி."

"நான் நம்பரே குடுக்கலையேலே!"

"அதான் நான் கண்டுபுடிச்சிட்டேன்ல!"

போன் மேசையில் விழும் சத்தம் மட்டும் கேட்டது.

ஒன்றும் நடக்கவில்லை. அதை முதலில் சொல்லிவிடுகிறேன். சீனியின் ஸ்டேஷனுக்கு வெளியே சிக்னல் கைகாட்டி இறங்காமல் இருந்ததால் டிரைவர் அங்கேயே நிறுத்திவிட்டார். யாத்திரிகர்கள் இறங்கி நுங்கு வாங்கித் தின்றார்கள். வடக்கேயிருந்து வந்த ஒரு பாட்டியம்மா, ராமேஸ்வரம் வந்துவிட்டது என்று மண்ணைத் தொட்டுத் தலையில் வைத்துக்கொண்டாராம். ஆனால் அந்தக் கைகாட்டிக்கு அப்பால் நின்ற உப்பு வேகன்களுக்கு அடியில், நிழலுக்காக இரண்டு பேர் உட்கார்ந்து கஞ்சி குடித்துக்கொண்டிருந்தார்கள். சீனி ஓடிப்போய் அவர்களைக் கையைப் பிடித்து வெளியே இழுத்திருக்கிறான். இந்த இடத்தில் மட்டும் எனக்கு இன்றுவரை வேடிக்கை எதுவும் தோன்றுவதில்லை.

சந்தானம் அய்யா கை கழுவிவிட்டு வந்தார். நான் நடந்ததைச் சொன்னேன். திறந்து கிடந்த மைப்புட்டியை மூடினார். "உள்ளத எழுது" என்றார். எழுதினேன். தாம் ஸ்டேஷனில் இல்லாமல் போனதற்குத் தம் பங்குக்கு ஒரு காகிதம் எழுதி, என்னுடையதோடு சேர்த்து மேலே அனுப்பினார்.

மேலிடத்தில் நான் எழுதியதை யாரும் நம்பவில்லை. அதுதான் விபரீதம். டிரைவர் கையில் இருந்த தாளில் எண் இருக்கிறது. எண் என்பது அடுத்த ஸ்டேஷன்காரர் வாயிலிருந்துதான் வரமுடியும். ஆகவே சீனிதான் பாதையைப் பார்க்காமல் எண்ணைக் கொடுத்துவிட்டான், சிநேகிதனைக் காப்பாற்ற இவன் விடுகதை, வெண்டைக்காய் என்று அளக்கிறான் என்று முடிவு கட்டினார்கள். புத்தி உள்ள எவனாவது விடுகதையின் விடையை அனுமதித் தாளில் எழுதுவானா என்று கேட்டார்கள். நியாயமான கேள்வி. சீனியை வேலையிலிருந்து நிறுத்திவைத்து ஊருக்கு அனுப்பிவிட்டார்கள். அடுத்த மாதம் அவனுக்கு நிக்காஹ் வைத்திருந்தார்கள். "மாப்புளைக்கு உத்தியோகம் இருக்கா இல்லையான்னு தெரியட்டும்" என்று பெண் வீட்டில் பேச்சை நிறுத்திவிட்டதாகத் தகவல் வந்தது.

விசாரணைக்கு இன்ஸ்பெக்டர் ஒருவர் வந்தார். கண்ணாடியும் கறுப்புக் கோட்டுமாகப் பெரிய மனிதர். எங்கள் ஸ்டேஷன் அறையிலேயே உட்கார்ந்தார். சந்தானம் அய்யா ஓரமாக நின்றார். சீனி வெள்ளைச் சட்டையும் தொப்பியுமாகப் பெஞ்சில் இருந்தான், என் பக்கம் திரும்பவில்லை. எனக்கு இருந்த வேலை ஒன்றே ஒன்று. நான் முட்டாள் என்று நிரூபிக்க வேண்டும். வாழ்நாள் முழுக்கச் சிரமமில்லாமல் செய்துவந்த காரியம், அன்றைக்குப் பார்த்து வரமாட்டேன் என்றது.

சீனியின் எண் சீட்டை இன்ஸ்பெக்டர் கையில் எடுத்தார். அடிக்கப்படாமல் அடுத்து நின்ற எண் நாற்பத்து மூன்று.

"இந்த எண்ணைத்தான் விடுகதையாகச் சொன்னேன் என்கிறார் இவர். நாலின் வர்க்கம் பதினாறு, மூன்றின் கனம் இருபத்தேழு, கூட்டினால் நாற்பத்து மூன்று. சரியாக இருக்கிறது. உங்கள் தாளில் அறுபத்து மூன்று இருக்கிறது. விடுகதையைப் போட்டு விடை கண்டவர் என்றால் நாற்பத்து மூன்று அல்லவா வந்திருக்க வேண்டும்? கதை கட்டினாலும் ஒழுங்காகக் கட்ட வேண்டாமா மிஸ்டர்?"

நாற்பத்து மூன்றா? அது என் மனதில் வரவே இல்லையே. "சார், அறுபத்து மூணும் சரிதான் சார். முப்பத்தாறும் இருபத்தேழும்" என்றேன்.

இன்ஸ்பெக்டர் பேனாவை எடுத்தார். கூட்டினார். மறுபடி கூட்டினார். கண்ணாடியைக் கழற்றினார். "ரெண்டுமே சரியாக இருக்கிறதே" என்றார், தமக்குள். பிறகு அந்தக் காகிதத்தின் பின்பக்கத்தைத் திருப்பி, விசாரணையை மறந்து எழுத ஆரம்பித்தார். "இருபத்தேழில் மூன்று போனால் இருபத்து நாலு. முதல் இலக்கத்தையும், அது பத்துக்கு எவ்வளவு குறைகிறதோ அதையும் பெருக்கினால் இருபத்து நாலு வர வேண்டும். நாலும் ஆறும். நாலாகவும் இருக்கலாம், ஆறாகவும் இருக்கலாம். ஆஹா!" என்று நிமிர்ந்தவர், நாங்கள் மூன்று பேரும் பார்த்துக்கொண்டிருப்பதைக் கண்டு கண்ணாடியை மாட்டிக்கொண்டார்.

"கீழேயிருந்து போட்டிருந்தால் முதலில் நாற்பத்து மூன்றுதானே வந்திருக்கும்?"

"நான் மேலேயிருந்து எறங்குறவன் சார்."

இன்ஸ்பெக்டர் சாதாரணமாக, வெற்றிலை கேட்கிறவர் மாதிரிக் கேட்டார்: "வர்க்கத்தையும் கனத்தையும் இடம் மாற்றினால்? முதல் இலக்கத்துக்குக் கனம், ரெண்டாவதுக்கு வர்க்கம்?"

அதைக் கேட்டதும் நான் எங்கே இருக்கிறேன் என்பது எனக்கு மறந்துபோனது. வேலை மறந்தது, சீனி மறந்தான். முதல் இலக்கம் நாலுக்கு மேல் போகாது. நாலு என்றால் அறுபத்து நாலு, அதிகம். மூன்று என்றால் இருபத்தேழு, ஒட்டவில்லை. இரண்டு என்றால் எட்டு. எட்டும் பதினாறும்... "இருபத்து நாலு!" என்று கத்தியபடி எழுந்தேன். நான் உட்கார்ந்திருந்த நாற்காலி பின்னால் சாய்ந்து விழுந்தது. சீனி கண்ணை மூடிக்கொண்டான்.

இன்ஸ்பெக்டர் விழுந்த நாற்காலியைப் பார்த்தார். சந்தானம் அய்யாவைப் பார்த்தார்.

"எழுதியிருப்பான்" என்றார்.

"எழுதுனான் சார்" என்றார் அய்யா.

சீனி தப்பினான். தாளில் இருந்த எண் அவன் சீட்டில் நின்ற எண் இல்லை, ஆகவே அவன் கொடுக்கவில்லை என்று இன்ஸ்பெக்டர் முடிவெழுதினார். முன்கூட்டியே எண்ணை விடுகதையாக்கியதற்கு அவனுக்கு ஓர் எச்சரிக்கை. எனக்குச் சம்பள உயர்வை நிறுத்திவைத்தார்கள். வேலை போகாமல் இருந்ததற்கு அய்யா எழுதிய ஏதோ ஒரு வரிதான் காரணம் என்று கேள்வி. என்ன எழுதினார் என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. பாதை முழுவதும் எனக்கு 'நாயனார்' என்று பெயர் வைத்தார்கள். அறுபத்து மூவரையும் ஒருவனாகச் சேர்த்தவன் நான்தானாம்.

வீட்டுக்குப் போய்ப் படுத்த பிறகுதான் ஒன்று உறைத்தது. நான் இன்னும் கொஞ்சம் கெட்டிக்காரனாக இருந்து, இரண்டு விடை உண்டு என்று கண்டுபிடித்து, அதில் நாற்பத்து மூன்றை எழுதியிருந்தால்? தாளில் அதே எண், சீட்டிலும் அதே எண். நான் தலைகீழாக நின்று சத்தியம் செய்தாலும் சீனியின் வேலை போயிருக்கும், கல்யாணமும் போயிருக்கும். நான் பாதியில் நிறுத்திய அரைகுறைக் கணக்குப்பிள்ளையாக இருந்ததால்தான் அவன் பிழைத்தான். இதை அவனிடம் சொல்ல வேண்டும், அப்படியே மன்னிப்பும் கேட்க வேண்டும் என்று நாலு நாள் பேச்சைத் தயார் செய்தேன். நடுவில் இரண்டு இடத்தில் அழுவதாகவும் ஏற்பாடு.

சீனி வேலைக்குத் திரும்பிய முதல் நாள், உச்சிப் பொழுது வண்டி வந்து நின்றது. மைப்புட்டி மூடியிருந்தது. நான் எழுந்து நின்றுகொண்டு போனைச் சுற்றினேன். எடுத்தான். "லைன் கிளியர் உண்டா?" என்று மட்டும் கேட்டேன்.

"பொறுங்க" என்றான். என் வாழ்க்கையில் அவன் என்னை மரியாதையாகக் கூப்பிட்டது அன்றைக்குத்தான். போய்ப் பார்த்துவிட்டு வந்தான். "மெயின் லைன் காலி. லைன் கிளியர் உண்டு. பிரைவேட் நம்பர் ஒண்ணு, ஏழு, பதினேழு."

"ஒண்ணு, ஏழு, பதினேழு" என்று திருப்பிச் சொன்னேன். மூடியைத் திறந்தேன், எழுதினேன், உரக்கப் படித்தேன். அவன் போனை வைக்கவில்லை. மூச்சுக் கேட்டது. பதினேழு. வர்க்கமில்லை, கனமில்லை, ஆனாலும் மனம் சும்மா இருக்குமா? எட்டும் ஒன்பதும் பதினேழு! எனக்குத் தெம்பு வந்துவிட்டது. இவன் கோபத்தை விட்டுவிட்டான், பழையபடி விளையாட வருகிறான்.

"சீனி" என்றேன். "ரெண்டோட கனமும் மூணோட வர்க்கமும். என்னையக் கண்டுபுடிக்கச் சொல்லித்தானே வைக்காம நிக்கிற?"

"சீட்டுல அடுத்து நின்ன நம்பரு அது, வண்டிய அனுப்புலே."